பேரின்பநாயகம் மாஸ்டரும் மேளப் பள்ளிக்கூடமும்

எங்கள் தெருப் பள்ளிக்கூடத்துக்கு வரலாறு எழுதப் போகிறார்களாம். ஒரு இளம் பெண் என் வீட்டுக்கு வந்து, அங்கே நீண்ட காலம் வேலை செய்தவள் நான்தான் என்று கேள்விப்பட்டதாகச் சொன்னாள். கோப்பி ஊற்றிக் கொடுத்து உட்கார வைத்தேன். அவளுக்கு வேண்டியிருந்ததெல்லாம் எந்த வருடம் டைரக்டர் என்ற பெயரில் எந்த அதிபர் வந்தார், பியானோவை யார் அன்பளிப்புச் செய்தார் என்பதுதான். நான் பேரின்பநாயகம் மாஸ்டரைப் பற்றிச் சொல்லத் தொடங்கியதும் பேனாவை மூடிவிட்டாள். அவர் அங்கே படிப்பித்தவரும் இல்லை, படித்தவரும் இல்லை, அதனால் வரலாற்றில் சேர்க்க முடியாதாம். குடித்த கோப்பியைத் திருப்பித் தா என்று கேட்காத குறைதான். சரி, அந்த வரலாற்றை அவள் எழுதட்டும். இதை நான் எழுதுகிறேன்.

என்னைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. நான் மாக்கிரட், சொந்த இடம் மட்டக்களப்பு. என் கணவர் அம்புறோசுக்கு சென்ட் லோரன்டில் ஒரு தொழிற்சாலையில் வேலை. சண்டைக்குப் பயந்து சனம் அள்ளுப்பட்டு வருவதற்கு முன்பே நாங்கள் மொன்றியலுக்கு வந்துவிட்டோம். செயின்ட்-மிஷேலில் கீழ்வீட்டில் இருந்தோம். எதிரே தெருவைக் கடந்தால் பள்ளிக்கூடம். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை எனக்கு. பால் கொட்டினால் துடைப்பது, சண்டை பிடித்தால் பிரிப்பது, குளிர்க்கோட்டின் ஸிப் சிக்கிக்கொண்டால் இழுத்து விடுவது. நான் பேசும் பிரெஞ்சு முழுவதும் அந்தச் சாப்பாட்டு அறையில் பிள்ளைகளை அதட்டிப் படித்ததுதான்.

பள்ளிக்கூடம் செங்கல் கட்டடம். மாதா கோயிலைச் சேர்ந்தவர்கள் கட்டியது. ஒரு காலத்தில் வகுப்பில் இடமில்லாமல் நிலவறையிலும் பிள்ளைகளை வைத்துப் படிப்பித்தார்களாம். நான் வேலைக்குச் சேர்ந்தபோது இத்தாலியர்கள் காசு சேர்த்து வேறு இடங்களில் வீடு வாங்கிப் போய்க்கொண்டிருந்தார்கள். ஹெயிட்டிக்காரரின் பிள்ளைகள் வந்தார்கள், அதுவும் போதவில்லை. மேல்மாடியைப் பூட்டினார்கள். பிறகுதான் எங்கள் சனம் வரத் தொடங்கியது. பிரெஞ்சு தெரியாத பிள்ளைகளுக்கு என்று ஒரு வகுப்பு வைத்திருந்தார்கள், அதற்கு அக்கேய் என்று பெயர். அந்த வகுப்பு மட்டும் நிரம்பி வழிந்தது.

பிள்ளைகள் குறைந்துவிட்டார்கள் என்று சொல்லிப் பள்ளிக்கூடத்தை மூடப் பார்த்தார்கள். நாங்கள் விட்டோமா? ஹெயிட்டித் தாய்மாரும், மிஞ்சியிருந்த இத்தாலியக் கிழவர்களும், எங்கள் ஆட்களுமாகப் பனிக்குள் சுலோக மட்டைகளைப் பிடித்துக்கொண்டு நின்றோம். எனக்குக் கால் விறைத்துப் போனது. கடைசியில் மேலிடத்துக்காரர் ஒரு புத்தி கண்டுபிடித்தார்கள். பள்ளிக்கூடத்தை மூடுவதில்லை, சிறப்புப் பள்ளிக்கூடமாக மாற்றுவது. அரசாங்கப் பள்ளிக்கூடம்தான், சம்பளம் கட்டத் தேவையில்லை. ஆனால் கணக்கும் பிரெஞ்சும் காலையில், இசையும் நாடகமும் பின்னேரம். நகரத்தின் எந்த மூலையிலிருந்தும் பிள்ளைகள் விண்ணப்பிக்கலாம், அவர்களில் தோதானவர்களைத் தெரிவு செய்வார்கள். எதிர்வீட்டுப் பிள்ளையானாலும் தெரிவாக வேண்டும். தெரிவாகாதவர்களை மஞ்சள் பஸ்ஸில் ஏற்றி நெடுஞ்சாலைக்கு அந்தப் பக்கம் இருக்கும் வேறு பள்ளிக்கூடத்துக்கு அனுப்புவார்கள். பள்ளிக்கூடத்தைக் காப்பாற்றுங்கள் என்று கேட்டோம். காப்பாற்றினார்கள், எங்களிடமிருந்து.

எங்கள் ஆட்கள் அதற்கு வைத்த பெயர் மேளப் பள்ளிக்கூடம்.

இதெல்லாம் நடந்துகொண்டிருந்தபோதுதான் பேரின்பநாயகம் மாஸ்டர் எங்கள் மேல்வீட்டில் குடியிருந்தார். அவர் திருகோணமலை. அங்கே ரியூசன் மாஸ்டர். ஐந்தாம் வகுப்புப் புலமைப்பரிசில் பரீட்சைக்குப் பிள்ளைகளை ஆயத்தம் செய்வதில் பேர்போனவராம். அதை அவரே சொல்வார், கேட்காமலே சொல்வார். இங்கே டவுன்டவுனில் ஒரு உணவகத்தின் குசினியில் தட்டுக் கழுவினார், பின்னேரம் போனால் சாமத்தில்தான் வருவார். மனைவி கமலாவதி உடுப்புத் தைக்கும் தொழிற்சாலைக்குக் காலையிலேயே போய்விடுவாள். ஒரே பிள்ளை தர்மினி, ஏழு வயது, அக்கேய் வகுப்பு.

நல்ல மனுஷன். ஆனால் ஆளோடு ஐந்து நிமிடம் நின்று கதைத்தால் எனக்குத் தலையிடிக்கும். உடுப்புத் தோய்க்கும் கடைக்குப் போவதானாலும் கோட்டுப் போட்டுக் கழுத்துப்பட்டி கட்டுவார். டெப்பனர் என்கிற மூலைக்கடைக்காரன் மிச்சக் காசு கொடுக்க முன்பே இவர் மிச்சத்தைச் சொல்லிவிடுவார், அந்த மனுஷன் பாவம், ஒவ்வொரு நாளும் தோற்றுப் போவான். என் கணவர் ஊருக்கு ஒரு கடிதம் எழுதினால்கூட எழுத்துப்பிழை பார்ப்பார். உலகத்தில் உள்ள எல்லாவற்றுக்கும் ஒரு பரீட்சை உண்டு, பரீட்சைக்கு ஒரு முறை உண்டு, முறையைப் பிடித்தால் பாஸ் என்பது அவருடைய வேதம். அதை மறுத்துப் பேசினால் நம்மைப் பார்த்து இரக்கப்படுவார், அதுதான் எனக்குப் பொறுக்காது.

மேல்வீட்டில் பிள்ளை இருக்கிறதென்றே தெரியாது. மொன்றியல் வீடுகளின் பலகைத் தரையைப் பற்றித் தெரிந்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை, மேலே ஒருவர் தும்மினால் கீழே விளக்கு ஆடும். முன்பு இருந்த குடும்பத்தின் பொடியன்களால் எனக்குப் பாதி உயிர் போயிருந்தது. தர்மினியின் காலடிச் சத்தம் ஒரு நாளும் எனக்குக் கேட்டதில்லை. சாப்பாட்டு அறையிலும் அப்படித்தான். கையைக் கட்டிக்கொண்டு இருப்பாள், கேட்டால் தாழ்ந்த குரலில் பதில் சொல்வாள், பாத்திரத்தை ஓசைப்படாமல் மூடுவாள். அருமையான பிள்ளை என்று எல்லோரிடமும் சொல்லித் திரிந்தேன்.

மாஸ்டரிடம் ஒரு பழக்கம் இருந்தது. மத்தியான இடைவேளைக்கு மணி அடித்ததும் மேல்வீட்டு ஜன்னலில் வந்து நிற்பார். தர்மினிக்குச் சிவப்புத் தொப்பி. அவ்வளவு பிள்ளைகளுக்குள்ளும் அந்தத் தொப்பியைக் கண்ணால் பிடித்துக்கொண்டு, மணி அடித்து அது உள்ளே போகும்வரை அசையமாட்டார். பள்ளிக்கூடம் விட்டதும் வாசலில் நிற்பார், கையைப் பிடித்துக் கூட்டிவந்து, என்னிடம் ஒப்படைத்துவிட்டுத்தான் குசினி வேலைக்குப் போவார். அந்தப் பிள்ளை மஞ்சள் பஸ்ஸில் ஏறி, அவர் கண்ணுக்குத் தெரியாத இடத்துக்குப் போவதென்ற கதை வந்ததும் மனுஷன் சாப்பிடவில்லை. கமலாவதிதான் என்னிடம் வந்து சொன்னாள். பிள்ளை பஸ்ஸில் போகவேண்டி வந்தால் தான் வேலையை விட்டுவிட்டு அந்தப் பள்ளிக்கூட வாசலில் போய் நிற்பேன் என்கிறாராம். குடும்பம் எதைச் சாப்பிடுவது என்று கேட்டால் ஜன்னலடிக்குப் போய்விடுகிறாராம்.

ஆகவே தர்மினி மேளப் பள்ளிக்கூடத்தில் தெரிவாகியே தீரவேண்டும்.

தெரிவுக்கு ஒரு சனிக்கிழமை காலையைக் குறித்தார்கள். பரீட்சை கிடையாது, பிள்ளைகள் மண்டபத்தில் வந்து விளையாடினால் போதும் என்று டைரக்டர் மதாம் ஜெர்வே சாப்பாட்டு அறைக்கே வந்து சொன்னார். நான் அதை அப்படியே மாஸ்டரிடம் சொன்னேன். அவர் என்னைப் பார்த்து இரக்கப்பட்டார்.

"பரீட்சை இல்லாமல் எப்பிடி அக்கா தெரிவு செய்யிறது? விளையாட்டு எண்டு சொல்லிப் பிள்ளையளை இருத்திப்போட்டு, பேந்து பேப்பர் குடுப்பாங்கள். ஆர் அடக்கமா இருக்கினம், ஆர் குழப்படி எண்டு முதல்லயே பாத்துக் குறிச்சு வைப்பாங்கள். எனக்குத் தெரியாதோ?"

நான் சொன்னேன், கெஞ்சினேன், கத்தினேன். அம்புறோசும் சொல்லிப் பார்த்தார். கேட்கிற ஆளா? அடுத்த நாளே தன் குசினி மேசையைச் சுற்றி ரியூசன் தொடங்கிவிட்டார். எங்கள் ஆட்களைப் பற்றித்தான் தெரியுமே, ரியூசன் என்ற சொல் காதில் விழுந்தால் போதும், அக்கம்பக்கத்தில் இருந்த தாய்தகப்பன்மார் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு வந்துவிட்டார்கள். கூட்டல், கழித்தல், வாய்ப்பாடு, பிரெஞ்சில் கிழமை நாட்கள். அதைவிட முக்கியமாக ஒழுக்கம். மண்டபத்துக்குள் போனதும் முதுகு நிமிர்த்தி உட்கார வேண்டும். கைகட்டி வாய்பொத்தி இருக்க வேண்டும். எந்தச் சாமானையும் தொடக்கூடாது. பெரியவர்கள் கேட்டால் மட்டும் எழுந்து நின்று பதில் சொல்ல வேண்டும். அப்படி வந்தவர்களில் நீக்கிலாப்பிள்ளை என்பவரின் மகள் மட்டும் மேசையில் தாளம் போட்டுக்கொண்டே இருந்தாளாம். இவள் உருப்படமாட்டாள், மற்றவர்களையும் கெடுத்துவிடுவாள் என்று சொல்லி இரண்டாம் நாளே அவளைத் திருப்பி அனுப்பிவிட்டார்.

சனிக்கிழமை நான் மண்டபத்தின் பின்பக்கம் பிள்ளைகளின் கோட்டுகளைக் கொழுவிக்கொண்டு நின்றேன். தாய்தகப்பன்மாருக்கு உள்ளே அனுமதியில்லை. மண்டபம் நிறைய மேளம், கிலுக்கு, மணி, முகமூடி, வண்ணத் துணி, ஏறிக் குதிக்கப் பெட்டிகள். கதவைத் திறந்ததும் வந்த பிள்ளைகள் எல்லாம் பாய்ந்து விழுந்து ஆளுக்கொன்றைப் பிடுங்கிக்கொண்டார்கள். ஆசிரியைகள் சுவரோடு சாய்ந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மாஸ்டரிடம் படித்த எங்கள் பிள்ளைகள் நாலு பேரும் வரிசையாக வந்தார்கள். ஓரத்தில் கிடந்த நீள வாங்கில் வரிசையாக உட்கார்ந்தார்கள். ஒன்றுபோல கையைக் கட்டினார்கள். தலைக்கு எண்ணெய் வைத்து இழுத்த வகிடு, சலவை மடிப்புக் குலையாத சட்டை. என்ன கூத்து நடந்தாலும் அசையவில்லை, கேள்விப் பேப்பர் வரும்வரை காத்திருந்தார்கள். ஒரு ஆசிரியை வந்து தர்மினியின் மடியில் ஒரு கிலுக்கை வைத்தாள். தர்மினி எழுந்து நின்று "மெர்சி, மதாம்" என்று சொல்லி, அதைச் சத்தம் வராமல் வாங்கின் கீழே வைத்துவிட்டுத் திரும்பவும் கையைக் கட்டிக்கொண்டாள். நான் கோட்டுகளை எறிந்துவிட்டு ஓடிப்போய் நாலு பேரையும் பிடித்துக் குலுக்கியிருப்பேன். வேலை போய்விடுமே என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். நீக்கிலாப்பிள்ளையின் மகள் அந்த நேரம் பெரிய மேளத்தின்மேல் ஏறி உட்கார்ந்திருந்தாள்.

வெளியே வந்ததும் மாஸ்டர் மகளிடம் கேட்டார். அப்பா சொன்ன மாதிரியே இருந்தேன் என்றாள். அவர் முகம் பூரித்துப் போனது. பேப்பர் கொடுக்கவில்லையா என்று கேட்டார். இல்லையாம். அப்படியென்றால் ஒழுக்கத்தைப் பார்த்தே எடுத்துவிட்டார்கள் என்று என்னிடம் சொன்னார். நான் வீட்டுக்குப் போய்க் கதவைச் சாத்தினேன்.

முடிவு வந்தபோது எங்கள் ஆட்களில் தெரிவானது நீக்கிலாப்பிள்ளையின் மகள் ஒருத்திதான்.

மாஸ்டர் ஆடின ஆட்டம் கொஞ்சநஞ்சமில்லை. நிறம் பார்த்துத் தள்ளிவிட்டார்கள் என்றார், கோர்ட்டுக்குப் போவேன் என்றார். நீக்கிலாப்பிள்ளையின் மகள் என்ன நிறம் என்று நான் கேட்டேன். மதாம் ஜெர்வேயோடு கதைக்க வேண்டும், மொழிபெயர்க்க வா என்று என்னை இழுத்துக்கொண்டு போனார். கழுத்துப்பட்டி, கோட்டு, பையில் பேனா, ஊர்ச் சான்றிதழ்கள் எல்லாம் ஆயத்தம்.

மதாம் ஜெர்வே கெட்டவர் இல்லை. பொறுமையாகத்தான் விளக்கினார். அந்த விளையாட்டுத்தான் தெரிவு, அதற்குப் பிறகு வேறொன்றும் இல்லை. எந்தப் பிள்ளை தானாக வந்து ஒரு பொருளைத் தொட்டுப் பார்க்கிறது, யாரோடு சேர்கிறது, அதைத்தான் பார்த்தோம் என்றார். தர்மினி நல்ல பிள்ளை. ஆனால் அக்கேய் வகுப்பில் இருந்த இவ்வளவு காலத்தில் அவள் ஒரு தடவைகூடக் குரலை உயர்த்தியதில்லை, பாடும்போது வாயை மட்டும் அசைக்கிறாள். இந்தப் பள்ளிக்கூடம் அவளுக்குத் தண்டனையாகத்தான் இருக்கும் என்றார். நான் சொல்லுக்குச் சொல் தமிழில் சொன்னேன். மாஸ்டர் சான்றிதழ்களைத் திரும்பப் பைக்குள் வைத்தார். பிள்ளை சொன்ன சொல் கேட்பது குற்றமா என்று மட்டும் கேட்கச் சொன்னார். கேட்டேன். குற்றமில்லை என்று மதாம் சொன்னார், வேறு என்ன சொல்வார்?

அறைக்கு வெளியே நடைகூடத்துக்கு வந்ததும் நான் பிடித்துக்கொண்டேன். உங்கள் ரியூசனால் நாலு பிள்ளைகள் போச்சு, உங்கள் பிள்ளையை நீங்களே கெடுத்தீர்கள், ஏழு வயதுப் பிள்ளையை இப்படியா மரப்பொம்மை மாதிரி வளர்ப்பது என்று வாயில் வந்ததையெல்லாம் கொட்டினேன். அவர், பிள்ளைகள் செருப்பு மாற்றும் குட்டி வாங்கில் உட்கார்ந்தார். முழங்கால் நெஞ்சுக்கு வந்தது. பிறகு சொன்னார்.

"ஊரில ஆமிக்காரர் றோட்டில இறங்கின அண்டைக்குக் கமலாவதி ஆஸ்பத்திரியில நிண்டவ, அக்கா. அவவைக் கூட்டிவரப் போகவேணும். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போகேலாது. அலுமாரிக்குப் பின்னால இருத்தினன். கையைக் கட்டு, அப்பா சொல்லுமட்டும் சத்தம் போடக்கூடாது எண்டன். போற வழியில என்னைப் பிடிச்சு ட்ரக்கில ஏத்திப்போட்டாங்கள். அடுத்த நாள்தான் விட்டவங்கள்."

நான் வாங்குக்குப் பக்கத்தில் போய் நின்றேன்.

"வீட்டுக்குள்ள வந்து தேடியிருக்கிறாங்கள். எல்லாத்தையும் உடைச்சிருக்கிறாங்கள். நான் வந்து பாக்கேக்க இருத்தின இடத்தில, இருத்தின மாதிரியே இருந்தவள். கையைக் கட்டினபடி."

கொஞ்சம் முன்பு நான் சொன்ன ஒவ்வொரு சொல்லும் அந்த நடைகூடத்திலேயே நின்றுகொண்டிருந்தது. பிறகு வழக்கம்போல எனக்குக் கோபம்தான் வந்தது. இதை ஏன் உள்ளே சொல்லவில்லை என்று கேட்டேன். இப்போதே திரும்பிப் போவோம், நான் சொல்கிறேன், அந்த மனுஷி அழுதுகொண்டே இடம் தருவாள் என்றேன்.

"வேண்டாம், அக்கா. அகதிக் கேஸ் விசாரணையில சொன்னன். சொல்லு சொல்லு எண்டு திருப்பித் திருப்பிக் கேட்டாங்கள், சொன்னன். பேந்து கோப்பி குடிக்க எழும்பிப் போச்சினம். அது உயிருக்காகச் சொன்னது. ஒரு பள்ளிக்கூடத்துக் கதிரைக்கு அந்தக் கதையை நான் விக்கமாட்டன். நீங்களும் சொல்லக்கூடாது."

இப்படி ஒரு பிடிவாதக்காரனை நான் பார்த்ததில்லை. ஆனால் அது பிடிவாதம் என்று சொல்லித் தள்ளவும் முடியவில்லை. அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டு நான் தனியாக உள்ளே போனேன். கதையைச் சொல்லவில்லை. தகப்பன் பரீட்சை என்று நினைத்துப் பிள்ளைகளை அசையக்கூடாது என்று சொல்லிவிட்டார், எங்கள் ஊரில் அப்படித்தான், பிழை பிள்ளைகளுடையது இல்லை, இன்னொரு தடவை பாருங்கள் என்றேன். மதாம் ஜெர்வே நெற்றியைத் தேய்த்தார். அம்மைநோய் காரணமாக வராமல்போன பிள்ளைகளுக்காக இன்னொரு காலை இருக்கிறது, அதற்கு அந்த நால்வரும் வரலாம் என்றார். பயந்த பிள்ளையானால் தாயோ தகப்பனோ உள்ளே வந்து கூட இருக்கலாம் என்றும் சொன்னார். அவர் எனக்குச் செய்தது பெரிய காரியம், அதை மறுக்கமாட்டேன்.

மாஸ்டரிடம் வந்து ஒரு நிபந்தனை போட்டேன். இந்தத் தடவை ரியூசன் கிடையாது. பிள்ளைக்கு ஒரு சொல் சொல்லக்கூடாது, இப்படி இரு என்றும் சொல்லக்கூடாது, அப்படிச் செய் என்றும் சொல்லக்கூடாது. அந்த நாட்களில் அவர் பட்ட பாட்டைப் பார்க்க வேண்டுமே. வாயைத் திறப்பார், என்னை நினைத்து மூடுவார். மேல்வீட்டில் குறுக்கும் நெடுக்குமாக நடப்பார், அவருடைய காலடிதான் எனக்குக் கேட்டது. கமலாவதிக்கு மட்டும் அந்த நிபந்தனை பிடிக்கவில்லை.

"இவர் ஒண்டும் சொல்லாட்டி அவள் என்னண்டு அக்கா செய்வாள்?" என்று கேட்டாள். நான் அதைக் கவனிக்கவில்லை. தாய்மாருக்கு எப்போதும் ஏதாவது குறை இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

அந்தக் காலையும் வந்தது. அதே மண்டபம், அதே கூச்சல். மற்ற மூன்று பிள்ளைகளுக்கும் அவர்களின் தாய்மார் வீட்டிலேயே சொல்லி அனுப்பியிருந்தார்கள்போல, கொஞ்சம் தயங்கிவிட்டு ஒவ்வொருவராக இறங்கி ஓடிவிட்டார்கள். நீள வாங்கில் தர்மினியும் மாஸ்டரும் மட்டும். இரண்டு பேரும் கையைக் கட்டிக்கொண்டு இருந்தார்கள். தகப்பனுக்குத் தெரியாமலே அவருடைய கையும் கட்டியிருந்தது. மதாம் ஜெர்வே சுவரோடு நின்று பார்த்தார். ஒரு ஆசிரியை கடிகாரத்தைப் பார்த்தாள். எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. உன் நிபந்தனையும் நீயும் என்று என்னையே திட்டிக்கொண்டேன். கோட்டுகளை விட்டுவிட்டு வாங்குக்குப் பின்னால் போய் நின்றேன். ஒரு வார்த்தை பேசக்கூடாது என்று சொன்ன நானே, ஏதாவது செய்யுங்கோ மாஸ்டர் என்று அவர் காதுக்குள் சொன்னேன்.

மாஸ்டர் எழுந்தார். கழுத்துப்பட்டியைச் சரிசெய்தார். மண்டபத்தின் நடுவில் இருந்த பெரிய மேளத்துக்கு முன்னால் போய், கோட்டோடு முழந்தாளிட்டு உட்கார்ந்தார். தட்டுவது எப்படி என்று அவருக்குத் தெரியவில்லை. கதவைத் தட்டுவதுபோல முதலில் விரலால் தட்டினார். பிறகு உள்ளங்கையால் ஓங்கி அடித்தார். தாளமுமில்லை, ஒன்றுமில்லை. பிள்ளைகள் விளையாட்டை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். அவர் நெற்றி வியர்க்க வியர்க்க அடித்தார்.

தர்மினி வாங்கிலிருந்து இறங்கி மெதுவாக நடந்து போனாள். தகப்பனுக்குப் பக்கத்தில் போய் நின்றாள். நானும் பின்னாலேயே போயிருந்தபடியால் எனக்குக் கேட்டது.

"அப்பா, இனிச் சத்தம் போடலாமோ?"

மாஸ்டரின் கை மேளத்தின்மேலேயே நின்றுவிட்டது. தலையை ஆட்டினார். அவள் அசையவில்லை.

"சொல்லுங்கோ" என்றாள்.

அவர் மேளத்திலிருந்து கையை எடுத்து அவள் பக்கம் திரும்பினார். பிறகு சொன்னார்.

"ஓம், பிள்ளை. போடு. இனிப் போடலாம்."

அவள் கட்டியிருந்த கையை அவிழ்த்தாள். இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கி அந்த மேளத்தில் ஒரு அடி அடித்தாள். அதன் சத்தத்துக்கு அவளே திடுக்கிட்டுத் தகப்பனைப் பார்த்தாள். அவர் திட்டவில்லை. திரும்பவும் அடித்தாள். அதற்குப் பிறகு நிறுத்தவில்லை. அடிக்கும்போதே வாய் திறந்து கத்தத் தொடங்கினாள், பாட்டுமில்லை, சொல்லுமில்லை, வெறும் சத்தம். மாஸ்டர் அவளுக்குப் பக்கத்தில் முழந்தாளிட்டபடி முகத்தைக் கழுத்துப்பட்டியால் துடைத்துக்கொண்டிருந்தார். நான் கோட்டுகள் இருந்த பக்கம் திரும்பிக்கொண்டேன்.

மதாம் ஜெர்வே என்னிடம் வந்து, பிள்ளை தகப்பனிடம் என்ன கேட்டாள் என்று விசாரித்தார். அனுமதி கேட்டாள் என்றேன். அதற்குமேல் ஒரு சொல்லும் நான் சொல்லவில்லை, அவர் ஓய்வுபெற்றுப் போகும்வரை சொல்லவில்லை.

தர்மினிக்கு இடம் கிடைத்தது. மற்ற மூவரில் இருவருக்கும் கிடைத்தது, ஒரு பொடியன் மட்டும் மஞ்சள் பஸ்ஸில் போனான். அவனுடைய தாய் இன்றுவரை என்னோடு முகம் கொடுத்துக் கதைப்பதில்லை, அவளில் பிழை இல்லை. பள்ளிக்கூடம் வளர்ந்தது. மேல்மாடியைத் திறந்தார்கள். எங்கெங்கோ இருந்தெல்லாம் கார்களில் பிள்ளைகளைக் கொண்டுவந்து இறக்கினார்கள், எங்கள் தெருவில் கார் நிறுத்த இடமில்லாமல் போனது. ஆண்டுவிழாவுக்குப் பத்திரிகைக்காரர்கூட வந்தார்கள். அதெல்லாம் அந்தப் பெண் எழுதும் வரலாற்றில் இருக்கும்.

அதில் இல்லாதது என் தலைக்கு மேலே நடந்தது. அந்தக் காலைக்குப் பிறகு மேல்வீடு மேல்வீடாக இல்லை. தர்மினி ஓடினாள், குதித்தாள், கதவை அடித்துச் சாத்தினாள், படியில் இறங்கும்போது ஒவ்வொரு படிக்கும் ஒரு பாட்டுப் பாடினாள். சட்டிபானையெல்லாம் மேளமானது. பள்ளிக்கூடத்தில் ஒரு மேளத்தை வீட்டுக்கும் கொடுத்துவிட்டார்கள், கொடுத்தவனை நான் இன்றும் மன்னிக்கவில்லை. அம்புறோஸ் வேலையால் களைத்து வந்து படுத்தால் கூரை அதிரும். பஞ்சு வாங்கிக் காதில் அடைத்துக்கொள்வார். நான் வீடு கூட்டும் தும்புத்தடியின் பிடியால் கூரையை இடித்துப் பார்த்தேன். அதைத் தாளம் என்று நினைத்து அவள் திருப்பி அடித்தாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை எனக்குப் பொறுமை போய்விட்டது. படியேறிப் போய்க் கதவைத் தட்டினேன். தட்டியது கேட்டால்தானே, நானே திறந்துகொண்டு போனேன். மாஸ்டர் குசினி மேசையில் தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். பக்கத்து அறையில் அந்தச் சத்தம். மனுஷனுக்குக் கழுத்துப்பட்டிகூட இல்லை.

"மாஸ்டர், உங்களுக்குக் காது இல்லையா? பிள்ளையைக் கொஞ்சம் சும்மா இருக்கச் சொல்லுங்கோ" என்றேன்.

அவர் கோப்பையைக் கீழே வைத்தார். இந்தத் தடவை இரக்கப்பட்டுப் பார்க்கவில்லை.

"என்னைக் குறை நினையாதேங்கோ, அக்கா. அவளுக்கு அதை நான் ஒருக்காச் சொல்லிப்போட்டன். இனிச் சொல்லமாட்டன்" என்றார்.

எனக்கும் ஒரு கோப்பை தேத்தண்ணீர் ஊற்றி வைத்தார். அந்தச் சத்தத்துக்குள் அதற்குமேல் கதைக்க முடியாது. உட்கார்ந்து குடித்துவிட்டு வந்தேன்.